நூறு சதவீதத் தொழிலாளி

தோல் பதனிடும் ஆலையின் வாசலில் கட்டைவிரல் இயந்திரத்தைத் திறந்துவைக்க வந்த துணை ஆணையர், காரை விட்டு இறங்கியதும் ஒரு கையால் மூக்கைப் பிடித்துக்கொண்டார். மறு கையால் மைக்கைப் பிடித்துக்கொண்டார். கடைசிவரை இரண்டையும் விடவில்லை. அதனால் அவர் "மனிதன்" என்று சொன்ன இடமெல்லாம் கூட்டத்துக்குப் "படிதன்" என்று கேட்டது.

அவருடைய அலுவலகத்துக்குத் தொழிலாளர் இருப்பு உறுதி வாரியம் என்று பெயர். எந்தத் தொழிலாளி எங்கே இருக்கிறான், உண்மையிலேயே இருக்கிறானா, இருந்தால் எந்த அளவுக்கு இருக்கிறான் என்பதையெல்லாம் உறுதிசெய்வது அதன் வேலை.

"தொழிலாளத் தோழர்களே!" என்று அவர் முழங்கினார். "இதுவரை நீங்கள் இருக்கிறீர்களா இல்லையா என்பது எங்களுக்குத் தெரியாது. நீங்களே வந்து சொல்லித்தான் தெரியவேண்டியிருந்தது. ஒருவர் தன்னைப் பற்றித் தானே 'நான் இருக்கிறேன்' என்று சொன்னால் அதை எப்படி நம்புவது? இனி அந்தப் பாரம் உங்களுக்கு வேண்டாம். நீங்கள் இருக்கிறீர்களா என்பதை வாரியம் பார்த்துச் சொல்லும்!"

எல்லோரும் கை தட்டினார்கள். ரப்பர் தட்டியதுபோல் ஒரு சத்தம் வந்தது. காய்த்துப்போன கைகள்.

முதல் கட்டைவிரலை வைக்கும் பெருமை அவசரம் என்பவருக்குக் கிடைத்தது. அது அவர் பெயரல்ல. எந்தக் காரியத்தையும் ஆற அமரச் செய்கிறவர் என்பதால் ஆலையில் அவருக்கு வைத்த பட்டம். யாராவது ஒருவர் வரும்படி கூப்பிட்டதும் மற்றவர்கள் எல்லோரும் சட்டென்று ஓரடி பின்வாங்கிவிட்டார்கள். பின்வாங்கலாமா என்று அவர் யோசித்துக்கொண்டிருந்தபோதே முன்னால் நின்றவர் ஆகிவிட்டார்.

அவசரம் விரலை வைத்தார். இயந்திரம் ஒரு பெண் குரலில் மரியாதையாகப் பேசியது.

"மன்னிக்கவும். ரேகை இல்லை."

விரலைச் சட்டையில் துடைத்துவிட்டு மறுபடி வைத்தார்.

"மன்னிக்கவும். இங்கே ஆள் யாரும் இல்லை."

அவசரம் திரும்பிப் பார்த்தார். பின்னால் நிற்கிற வேறு யாரையோ சொல்கிறது என்று நினைத்தார்.

"என்னையா சொல்லுது?" என்று கேட்டார்.

"உங்களை எப்படிண்ணே சொல்லும்? நீங்கதான் இல்லையே," என்றார் டிரம்காரர். பெரிய மர டிரம்முக்குள் தோலைப் போட்டுச் சுற்றவிடுகிற வேலை அவருக்கு. தலையும் அந்த மாதிரியே கொஞ்சம் வேகமாகச் சுற்றும்.

கேலி செய்த டிரம்காரரையும் கூப்பிட்டு விரலை வைக்கச் சொன்னார்கள். அவரும் இல்லை. தோலில் ஒட்டிய சவ்வைச் சீவுகிறவர் இல்லை. உப்புத் தோலை அலசுகிறவர்கள் இல்லை. கடைசி ஆள்வரை வைத்துப் பார்த்தாயிற்று. ஒருவர்கூட இல்லை.

காரணம் சாதாரணமானது. பச்சைத் தோலைச் சுண்ணாம்புத் தொட்டியில் ஊறப்போட்டால் அதிலுள்ள முடியெல்லாம் கழன்று வந்துவிடும். மாட்டு முடிக்கும் மனிதக் கைரேகைக்கும் வித்தியாசம் பார்க்கச் சுண்ணாம்புக்குத் தெரியாது. தொட்டிக்குள் வெறுங்கையை விட்டு விட்டு எல்லோருடைய விரல்களும் சோப்புக் கட்டியின் முதுகுபோல் வழவழவென்று ஆகியிருந்தன. இதை மேஸ்திரி எடுத்துச் சொல்லப் பார்த்தார்.

துணை ஆணையர் மைக்கை ஆட்டி அவரை நிறுத்தினார். "இயந்திரம் தவறு செய்யாது. ஏனென்றால் இதை வாங்கியவர்கள் நாங்கள்," என்றார். பிறகு விழாவைச் சிறப்பாக முடித்துவைத்தார். "இன்றைய நிகழ்ச்சிக்கு வராத அனைவருக்கும் வாரியத்தின் சார்பில் நன்றி!"

மறுநாள் வாரியம் அறிவித்துவிட்டது: அந்த ஆலையில் தொழிலாளர் எவரும் இல்லை.

முதலாளி முதலில் பயந்துபோனார். அப்புறம் நிதானமாக உட்கார்ந்து யோசித்ததில் அவருக்கு முகம் மலர்ந்தது. வாராவாரம் கையில் கொடுக்கிற கூலியை மட்டும் வழக்கம்போல் கொடுத்தார். ஆள் இல்லாமல் தோல் தானாக ஊறாது என்பது அவருக்குத் தெரியும். மற்ற விஷயங்களில் வாரியத்தின் சொல்லே அவருக்கு வேதவாக்கு.

"கையுறை கேட்டு ரொம்ப நாளாச்சு முதலாளி," என்று அவசரம் போய் நின்றார்.

"யாருப்பா கேட்டது?"

"நாங்கதான்."

முதலாளி வாசல் பக்கம் வருத்தத்தோடு பார்த்தார். "கேட்டவன்னு ஒரே ஒரு ஆளைக் காட்டு. உடனே வாங்கித் தர்றேன். இல்லாத கைக்கு நான் எந்த அளவுல வாங்கறது?"

மேஸ்திரியின் பாடுதான் திண்டாட்டமாகிவிட்டது. ஒருநாள் டிரம்காரர் சாவகாசமாக டீ குடித்துவிட்டு வந்தார். மேஸ்திரி கத்தினார்: "ஏன்யா இவ்வளவு லேட்டு?"

"நான் இன்னும் வரவே இல்லையே மேஸ்திரி. வேணும்னா மெஷின்ல பாருங்க."

மேஸ்திரி போய்ப் பார்த்தார். உண்மைதான், வரவில்லை. வராத ஆளைத் திட்டினால் கேட்பவர்கள் தன்னை என்ன நினைப்பார்கள் என்று அவருக்குப் பயம் வந்துவிட்டது. அன்றிலிருந்து யாரையும் பார்த்துத் திட்டாமல் சுவரைப் பார்த்துத் திட்டப் பழகிக்கொண்டார்.

இதெல்லாம் சிரிப்பாகத்தான் இருந்தது, அவசரத்தின் கை வெடிக்கும்வரை. விரல் நுனிகள் பாளம் பாளமாகப் பிளந்துவிட்டன. சட்டைப் பொத்தானைக்கூட அவரால் போட முடியவில்லை. காலையில் மனைவிதான் போட்டுவிடுவாள். அவள் வீட்டிலேயே பள்ளிக்கூடச் சீருடை தைக்கிறவள். எத்தனையோ பிள்ளைகளின் சட்டைக்குப் பொத்தான் வைத்த விரல்கள், தன் புருஷனுக்குப் பொத்தான் போடும்போது மட்டும் கொஞ்சம் நேரம் எடுத்துக்கொண்டன.

"ஆஸ்பத்திரிக்குப் போய்ட்டு வாங்க. இந்தக் கையை வெச்சுக்கிட்டு இன்னிக்கு வேலைக்குப் போக வேணாம்," என்றாள்.

தொழிலாளர் மருத்துவமனையின் மருந்துச் சன்னலில் அதே இயந்திரம் உட்கார்ந்திருந்தது. அதற்குப் பின்னால் இருந்த நர்ஸ் நல்ல மாதிரி. கையைப் பார்த்ததுமே 'உச்' கொட்டினார்.

"சுண்ணாம்புல வெந்திருக்குங்க. களிம்பு போட்டுக்கிட்டு, கையை நனைக்காம பார்த்துக்கிட்டா புதுத் தோல் வந்துடும். ரேகைகூட திரும்ப வந்துடும்."

"அப்போ களிம்பு குடுங்கம்மா."

"கட்டைவிரலை வைங்க."

"ரேகை இல்லையேம்மா."

"கவலைப்படாதீங்க, அதுக்குத்தான் களிம்பு இருக்கே."

"அப்போ குடுங்க."

"கட்டைவிரலை வைங்க."

இப்படியே சுற்றிச் சுற்றி வந்தார்கள். கடைசியில் நர்ஸுக்கே தலை சுற்றிவிட்டது. தன் கட்டைவிரலை வைத்து ஒரு தலைவலி மாத்திரை வாங்கிப் போட்டுக்கொண்டார். அவசரம் கையைப் பார்த்துக்கொண்டே வீடு திரும்பினார்.

அடுத்த நாள் அவர் சாப்பாட்டுப் பாத்திரத்தை வீட்டிலேயே மறந்துவிட்டு வேலைக்குப் போய்விட்டார். மனைவி அதை எடுத்துக்கொண்டு ஆலைக்கு வந்தாள். காவலாளி வழிமறித்தார்.

"விரலை வைக்காம யாரையும் உள்ள விடக் கூடாதும்மா. உத்தரவு."

"இத்தனை ஆம்பளைங்க போறாங்களே?"

"அவங்கதான் இல்லையேம்மா. இல்லாதவங்களை நான் எப்படித் தடுக்கிறது?"

அவள் தலையில் அடித்துக்கொண்டு, அதே கையின் கட்டைவிரலை இயந்திரத்தில் வைத்தாள். அதுவரை யாரும் பார்த்திராத ஒரு பச்சை விளக்கு எரிந்தது. சங்கீதம் ஒலித்தது.

"வருக, வருக, தொழிலாளரே! தாங்கள் இருக்கிறீர்கள்! வாரியம் மகிழ்ச்சியடைகிறது!"

காவலாளி நாற்காலியிலிருந்து துள்ளி எழுந்து சல்யூட் அடித்தார். சாப்பாட்டுப் பாத்திரத்தை அவரே வாங்கி உள்ளே கொண்டுபோய்க் கொடுத்தார்.

வாரியத்தில் ஒரே கொண்டாட்டம். நேற்றுவரை ஆளே இல்லாத ஆலையில் இன்று ஒரு தொழிலாளி. அந்த ஒருவரும் தவறாமல் வந்திருக்கிறார். ஆகவே வருகை நூறு சதவீதம். அங்கே ஊறுகிற, சீவுகிற, சுற்றுகிற, காய்கிற தோல் முழுவதும் அந்த ஒரே தொழிலாளியின் உழைப்பாகப் பதிவாயிற்று. நாட்டிலேயே அவ்வளவு தோலைத் தனியாகப் பதனிட்டவர் வேறு யாரும் இல்லை என்று வாரியம் பெருமையோடு சொன்னது.

முதலாளிக்குக் கவலை. ஒருவரை இருக்கிறார் என்று சொல்லியாயிற்று; இனி அவர் வராவிட்டால் வம்பு. "தினமும் வந்து ஒரு தடவை விரலை வெச்சுட்டுப் போயிடும்மா. உனக்குப் புண்ணியமாப் போகும்," என்று கெஞ்சினார். தைத்த சீருடைகளைப் பள்ளிக்கூடத்தில் கொடுக்கப் போகிற வழிதானே என்று அவளும் ஒப்புக்கொண்டாள். மனசுக்குள் அவளுக்கு வேறொரு கணக்கும் இருந்தது. நான் தொழிலாளி என்றால் களிம்பு கேட்கலாமே?

அன்று மத்தியானமே மருத்துவமனைக்குப் போனாள். துணைக்குப் புருஷனையும் இழுத்துக்கொண்டு போனாள். சன்னலில் விரலை வைத்தாள். சங்கீதம் ஒலித்தது. நர்ஸ் முகமெல்லாம் சிரிப்பாகக் களிம்பை எடுத்து வைத்துவிட்டார்.

"எங்க, கையைக் காட்டுங்க."

காட்டினாள். நர்ஸ் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். ஊசி குத்திய தடம் ஒன்றிரண்டு தவிர வேறெதுவும் இல்லை.

"கை நல்லா இருக்கேம்மா."

"எனக்கு இல்லைங்க, இவருக்கு." அவசரத்தின் கையைப் பிடித்து இழுத்துச் சன்னலுக்குள் நீட்டினாள்.

நர்ஸ் அந்தக் கையைப் பார்த்தார். இயந்திரத்தைப் பார்த்தார். களிம்பை எடுத்துப் பழைய இடத்திலேயே வைத்தார். அவர் கண்ணில் நிஜமாகவே தண்ணீர் நின்றது.

"என்னம்மா பண்றது? ஆள் இருக்கிற கையில நோய் இல்லை. நோய் இருக்கிற கைக்கு ஆள் இல்லை."

திரும்பி வரும் வழியெல்லாம் அவள் வாய் திறக்கவில்லை. அவள் திட்டினால் பிரச்சினை இல்லை. பேசாமல் இருந்தால்தான் ஏதோ நடக்கப்போகிறது என்று அர்த்தம்.

"நாளையிலிருந்து நான் விரல் வைக்கப் போறதில்லை. எனக்குத் தையல் வேலை கெடக்கு," என்றாள் வீட்டு வாசலில்.

"முதலாளி கோவிச்சுக்குவாரும்மா."

"நாளைக்கு நீங்களும் போகாதீங்க. நீங்க போனாத்தான் என்ன, போகாட்டித்தான் என்ன? இல்லாத ஆளுக்கு லீவு யார்கிட்ட கேக்கணும்?"

மறுநாள் காலை வாரியத்தின் திரை முழுவதும் சிவந்துவிட்டது. அந்த ஆலையில் நூறு சதவீதத் தொழிலாளர்களும் வேலைக்கு வரவில்லை. அப்படியொரு முழுமையான வேலைநிறுத்தத்தை வாரியம் தன் வாழ்நாளில் கண்டதில்லை. எந்தப் போராட்டத்திலும் ரெண்டு பேராவது பின்பக்கமாக உள்ளே நுழைந்துவிடுவார்கள். இங்கே ஒரு பிள்ளையும் நுழையவில்லை. உள்ளே டிரம் கடகடவென்று ஓடிக்கொண்டிருந்தது. அது கணக்கில் வராது.

துணை ஆணையர் உதவியாளரோடும் மைக்கோடும் அந்த ஒரே தொழிலாளியான தையல்காரியின் வீட்டுக்கு விரைந்தார். வீடு என்பது ஒரே அறை. ஒரு தையல் இயந்திரம், குவித்துவைத்த நீலத் துணி, ஒரு நாற்காலி. நாற்காலியில் அவசரம் உட்கார்ந்திருந்தார். பெரிய அதிகாரி வந்ததைப் பார்த்ததும் எழுந்திருக்கத்தான் நினைத்தார். அதற்குள் உதவியாளர் கையிலிருந்த சிறிய கட்டைவிரல் இயந்திரத்தைப் பார்த்துவிட்டு, "நாற்காலி காலியாகத்தான் இருக்கிறது சார்," என்றார். துணை ஆணையர் அவசரத்தின் மடியில் உட்கார்ந்துவிட்டார்.

"கொஞ்சம் சூடாக இருக்கிறது," என்று நெளிந்தார். பிறகு மைக்கைத் தட்டினார். "தொழிலாளர்களே!"

"மைக்கை அணைச்சுடுங்க சார். பக்கத்து வீட்ல குழந்தை தூங்குது," என்றாள் தையல்காரி, தையலை நிறுத்தாமல்.

துணை ஆணையர் உதவியாளரின் காதருகே சாய்ந்தார். "மிகவும் கட்டுப்பாடான கூட்டம். எச்சரிக்கையாக இருக்க வேண்டும்." நிமிர்ந்து கேட்டார்: "போராட்டக் குழுவின் தலைவர் யார்?"

"நான்தான்."

"செயலாளர்?"

"நான்தான்."

"உங்களுக்குள் கருத்து வேறுபாடு ஏதாவது?"

"எனக்கும் எனக்குமா? காலையில கொஞ்சம் இருந்துச்சு. பேசித் தீர்த்துக்கிட்டோம்."

உதவியாளர் முகம் வெளுத்தது. "பிரிக்க முடியாது சார்."

"சரி, உங்கள் கோரிக்கைகளைச் சொல்லுங்கள்."

"கையுறை வேணும்."

துணை ஆணையருக்கு உயிர் வந்தது. "அனைத்துத் தொழிலாளர்களுக்கும் கையுறை! இந்தக் கணமே ஏற்கிறேன். எழுதிக்கொள்ளய்யா, ஒரு ஜோடி."

தையல்காரி தன் காலைத் தையல் இயந்திரத்தின் மிதியிலிருந்து எடுத்தாள். "ஒரு ஜோடியா? அந்த ஆலைத் தோல் அத்தனையையும் நான் ஒருத்தியே பதனிடறேன்னு சொன்னது யாரு?"

"வாரியம்."

"அவ்வளவு தோலைத் தூக்கினா ஒரு ஜோடி எவ்வளவு நேரம் சார் தாங்கும்?"

துணை ஆணையர் யோசித்தார். வாரியம் சொன்னது பொய் என்று சொல்ல முடியாது. "நியாயம். ஒரு லாரி எழுதிக்கொள்."

"எல்லா அளவுலயும் வேணும். வேலை முடிச்சு வர்றப்ப என் கை வீங்கிப் போயிருக்கும்."

"எல்லா அளவிலும்."

"பூட்ஸையும் கேளும்மா," என்று கீழே இருந்து ஒரு குரல் வந்தது.

துணை ஆணையர் திடுக்கிட்டார். "யார் பேசியது?"

"பழைய நாற்காலி சார். பாரம் தாங்காம அப்பப்போ முனகும். பூட்ஸும் வேணும்."

"பூட்ஸ், ஒரு லாரி."

"கைக்குக் களிம்பு."

துணை ஆணையர் அவள் கையை வாங்கிப் பார்த்தார். "ஆனால் உங்கள் கை நன்றாக இருக்கிறதே?"

"வேலையை ஆரம்பிச்சா வெந்துபோயிடும் சார். வெந்தப்புறம் ரேகை இருக்காது. ரேகை இல்லைன்னா நானும் இல்லை. அப்புறம் உங்க வாரியத்துல யாருதான் இருப்பா?"

அந்தக் கேள்வி துணை ஆணையரை உலுக்கிவிட்டது. தொழிலாளியே இல்லாத தொழிலாளர் வாரியத்தை அவர் மனக்கண்ணில் பார்த்தார். கார் இல்லை. மைக் இல்லை. எழுந்து நின்று அறிவித்தார்: "வருமுன் காக்கும் களிம்பு! உலகிலேயே முதல் முறையாக! பீப்பாய் பீப்பாயாக!"

அவசரம் மெல்லத் தொடையை நீவிவிட்டுக்கொண்டார்.

லாரிகள் வந்தன; வேலைநிறுத்தம் முடிந்தது. முதலாளிக்கு வயிறு எரிந்தாலும், வாரியம் தந்ததைத் தடுக்க அவருக்குத் துணிச்சல் இல்லை. இல்லாத ஆட்கள் எல்லோரும் கையுறை மாட்டிக்கொண்டார்கள். முழங்கால்வரை பூட்ஸ் போட்டுக்கொண்டு நடந்து பார்த்தார்கள். சாயங்காலத்தில் வரிசையாக உட்கார்ந்து களிம்பு பூசிக்கொண்டார்கள். டிரம்காரர் முகத்துக்கும் சேர்த்துப் பூசிக்கொண்டு, வழுக்கி வழுக்கிச் சிரித்தார். அவசரத்தின் விரல் பிளவுகள் மெல்ல மூடின. ஒருநாள் காலையில் அவர் தன் சட்டைக்குத் தானே பொத்தான் போட்டார். ஒரு ஓட்டை தள்ளிப் போட்டிருந்தார். மனைவி பார்த்தாள்; திருத்தவில்லை.

நர்ஸ் சொன்னபடியே ரேகை திரும்பியது. முதலில் மங்கலாக, பிறகு நன்றாகவே. ஒருநாள் வேலைக்குப் போகும்போது அவசரம் சும்மா ஒரு ஆசைக்கு வாசல் இயந்திரத்தில் விரலை வைத்துப் பார்த்தார். பச்சை விளக்கு எரிந்தது.

"வருக, புதிய தொழிலாளரே! தாங்கள் பயிற்சி நிலையில் இருக்கிறீர்கள். மூத்த தொழிலாளரிடம் வேலை கற்றுக்கொள்ளவும்."

அவருக்குப் பின்னால் டிரம்காரர் வைத்தார். சவ்வு சீவுகிறவர் வைத்தார். எல்லோரும் இருந்தார்கள். எல்லோரும் புதியவர்கள். ஆலையில் ஒரே ஒரு மூத்த தொழிலாளிதான்.

மாதக் கடைசியில் துணை ஆணையர் மூக்கைப் பிடித்துக்கொண்டு வந்தார். சுண்ணாம்புத் தொட்டிக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டு, இந்த முறை காலிதானா என்று தடவிப் பார்த்துவிட்டு, தையல்காரியை உட்காரவைத்தார். பயிற்சியாளர்கள் அவள் முன்னால் வரிசையாக நின்றார்கள். முதலில் நின்றவர் அவள் புருஷன்.

"மூத்த தொழிலாளரே, இவர் வேலை கற்றுக்கொண்டாரா? தேர்ச்சி கொடுக்கலாமா?"

அவசரம் நெஞ்சை நிமிர்த்தினார். மீசை முளைக்கிற வயதில் அந்தத் தொட்டிக்குள் கையை விட்டவர் அவர்.

"பாஸ் பண்ணிட்டா என்ன ஆகும் சார்?" என்று கேட்டாள் தையல்காரி.

"முழுத் தொழிலாளி ஆகிவிடுவார். பயிற்சியில் இருப்பவர்களுக்குத்தான் கையுறை, பூட்ஸ், களிம்பு கட்டாயம். தேர்ச்சி பெற்றவர் அனுபவசாலி அல்லவா? அவருக்கு எதற்கு?"

தையல்காரி வரிசையை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை நன்றாகப் பார்த்தாள்.

"ஒருத்தருக்கும் வேலை படியலை சார். எல்லாரும் ஃபெயில்."

"எல்லோருமா!"

"மண்டைல ஏற மாட்டேங்குது. நான் மாசாமாசம் வந்து பார்க்கிறேன்."

வெளியே வரும்போது அவசரத்தின் முகம் தொங்கிப்போயிருந்தது. "ஊர் முன்னாடி ஃபெயில் போட்டுட்டியே. வேலை தெரியாதவன்னு ஆயிடுச்சே எனக்கு."

"ஆகட்டும்," என்றாள் அவள். அவர் கையைத் தன் கைக்குள் எடுத்து, கட்டைவிரலை ஒருமுறை நீவிப் பார்த்தாள். "நான் உசிரோட இருக்கிற வரைக்கும் நீங்க பாஸாக மாட்டீங்க."

அவள் சொன்ன சொல் தவறவில்லை. மாதாமாதம் வருகிறாள், ஒருவர் விடாமல் ஃபெயில் போட்டுவிட்டுப் போகிறாள். மேஸ்திரி மட்டும் மறுபடி ஆட்களைப் பார்த்தே திட்ட ஆரம்பித்துவிட்டார். இவ்வளவு நீண்ட பயிற்சி வேறெந்த ஆலையிலும் கிடையாது என்று வாரியம் எல்லா மேடைகளிலும் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருக்கிறது.